கடல் போடாத சங்குகள்

ஜனவரி 11

பதினொரு பேர். அதில் ஒருவருக்குப் படகு துறையை விட்டு நகர்வதற்கு முன்பே தலை சுற்றியது. அத்தான் அவரை எஞ்ஜினுக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, "தண்ணியப் பாக்காதீங்க, என் மூஞ்சியப் பாருங்க" என்றார். "அதுக்கு வாந்தியே தேவலாம்போல" என்றாள் தலை சுற்றியவரின் மனைவி, புருஷனுடைய முகத்தைப் பார்த்து. அந்தச் சிரிப்பிலேயே முகத்துவாரத்தைத் தாண்டிவிட்டோம்.

நீர்க்காகங்கள் கழிகளின் மேல் உட்கார்ந்து சிறகை விரித்துக் காயப்போட்டிருந்தன. டால்பின் இரண்டு, தூரத்தில், முதுகு மட்டும். பிறகு மணல்திட்டில் ஒரு மணி நேரம். இந்த வருஷம் சங்குக்குக் குறைவே இல்லை. ஒரு சின்னப் பெண்ணுக்கு ஐவிரல் சங்கு கிடைத்தது, ஒரு விரல்கூட உடையாமல். "இத யாரு இங்க போட்டாங்க?" என்று கேட்டாள். எப்போதும் சொல்வதைத்தான் சொன்னேன். "கடல் போட்டது. உனக்குன்னே போட்டது."

படகு அக்காவுடையது. ஓட்டுவது அத்தான். பேசுவது நான். அச்சகத்தில் பன்னிரண்டு வருஷம் பிழை திருத்தினேன். அங்கே எதையாவது கண்டுபிடித்தால் முகத்தைச் சுளிப்பார்கள். இங்கே எதைக் கண்டுபிடித்தாலும் கைதட்டுகிறார்கள். இந்த வேலையை விட்டுப் போகச் சொன்னால் போவேனா என்று இன்று திரும்பி வரும்போது நினைத்துக்கொண்டேன். மாட்டேன்.

ஜனவரி 12

காற்று. படகு போகவில்லை. லைஃப் ஜாக்கெட்டுகளை அலசி மொட்டைமாடிக் கொடியில் போட்டேன். தலையில்லாத பதினாறு ஆரஞ்சு ஆட்கள் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்.

ஜனவரி 20

முழங்கை நீளத்துக்குக் கேமரா வைத்திருந்த ஒருவர் இரண்டு மணி நேரமும் தன் மனைவியை மட்டுமே படம் எடுத்தார். அலையாத்திக் காட்டோரம் மீன்கொத்தி பாய்ந்து மீனோடு எழுந்தபோதுகூடக் கேமராவைத் திருப்பவில்லை. அந்த அம்மாதான், "எனக்குப் பின்னால ஏதோ நடக்குது, அதையாவது எடுங்க" என்றார்.

அத்தான் இன்றும் எங்களுக்கு ஒன்றரை மணி நேரம் முன்பே தனியாகப் போய் ஆழம் பார்த்துவிட்டு வந்தார். மணல்திட்டு படுக்கையில் புரள்கிற ஆள் மாதிரி. வாரத்துக்கு ஒரு பக்கம் ஒருக்களிக்கும். எங்கே படகை ஏற்றலாம் என்று பார்த்துவைத்துக்கொள்ள வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் அத்தானைப் போலப் பொறுப்பான ஆள் கிடையாது.

ஜனவரி 26

ஒரு பல் டாக்டரும் அவர் மனைவியும் வந்திருந்தார்கள். அந்த அம்மா திட்டில் கால் வைத்ததிலிருந்து குனிந்த தலை நிமிரவில்லை. ஒவ்வொரு சங்குக்கும் ஒரு சின்னக் கூச்சல். துணிப்பை நிரம்பியதும் முந்தானையில் போட ஆரம்பித்தார்.

டாக்டர் என் பக்கத்தில் வந்து நின்றார். உள்ளங்கையில் ஒரு முள் சங்கு.

"தப்பா எடுத்துக்காதீங்க. இது மெருகு போட்டது."

"கடல் உருட்டி உருட்டி அப்படி ஆயிடும் சார்."

"கடல் உருட்டினா மழுங்கும். இது மழுங்கல, மினுங்குது. மேல்தோல ஆசிட்ல கழுவி எடுத்துட்டு மெருகு போட்டிருக்காங்க. முப்பது வருஷமா நான் பாக்குற வேலையே அதுதான். பல்லுக்கு."

நான் சிரித்துச் சமாளித்தேன். அவரும் சிரித்தார். பிறகு மனைவி இருந்த பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அவகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க. இவ்வளவு சந்தோஷமா இருந்து ரொம்ப நாளாச்சு."

அந்தச் சங்கை என் கையிலேயே வைத்துவிட்டுப் போனார்.

ஜனவரி 27

வந்தவர்கள் படகில் மறந்துவிட்டுப் போகும் சங்குகளை ஒரு டப்பாவில் போட்டுவைப்பது வழக்கம். அவற்றையும் அந்த முள் சங்கையும் ஜன்னலோரம் வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். ஒன்றின் உள்ளேயும் ஒரு மணல் பொடி இல்லை. ஒன்றின் அடியில் காய்ந்த பசை, அதில் ஒட்டிய பஞ்சு. இன்னொன்றில் நூல் கோப்பதற்குத் துளை போடத் தொடங்கிப் பாதியில் விட்டிருக்கிறார்கள்.

அச்சுப் பிழை மாதிரிதான். ஒரு தடவை கண்ணில் பட்டுவிட்டால் அப்புறம் பக்கம் முழுக்க அதுவே தெரியும். இத்தனை நாள் எப்படிப் படாமல் போனது? இதுவா நான் பிழை திருத்திய லட்சணம்?

ஜனவரி 28

விடிந்தும் விடியாமலும் துறைக்குப் போய் உட்கார்ந்தேன். படகு இல்லை. வெயில் ஏறும் நேரத்துக்கு அத்தான் வந்தார். என்னைப் பார்த்ததும் எஞ்ஜினை அணைத்துவிட்டார்; படகு மெல்ல மிதந்து வந்து கரையில் முட்டியது. முன்பக்கத்தில் ஒரு காலிச் சாக்கு.

"ஆழம் பாத்தாச்சா அத்தான்?"

"ம்."

"சாக்கு போட்டுத்தான் ஆழம் பாப்பாங்களா?"

அவர் கயிற்றைக் கட்டினார். அவிழ்த்தார். மறுபடி கட்டினார். "உங்கக்காவக் கேளும்மா" என்றார்.

ஜனவரி 28 — மதியம்

கேட்டேன். அக்கா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தி நிற்கவே இல்லை.

"ஆமா, போடறோம். அதுக்கென்ன இப்ப?"

"ஏமாத்தறோம்க்கா."

"யார? சங்கு வேணும்னு வர்றாங்க, சங்கோட போறாங்க. அழுதுக்கிட்டா போறாங்க? துறைமுகத்துச் சுவர் கட்டினதுக்கப்புறம் இந்தப் பக்கம் என்ன ஒதுங்குது, நீயே சொல்லு. செருப்பும் பாட்டிலும். அதையா பொறுக்கிட்டுப் போகச் சொல்றே?"

"கடல் போட்டதுன்னு நான் சொல்றேனே. தினமும் சொல்றேன். என் வாயால."

"உன்ன யாரு அவ்வளவு அழகா சொல்லச் சொன்னது?"

எழுந்து மேலே வந்துவிட்டேன். எனக்கு மட்டும் ஏன் சொல்லல? ரெண்டு வருஷம்! ஒரே வீட்டுல, ஒரே தட்டுல சாப்பிட்டுக்கிட்டு — ரெண்டு பேரும் சேர்ந்து என்ன பொம்மை மாதிரி ஆட்டிவெச்சு, நானும் ஆடிட்டு, என் திறமைன்னு வேற நெனச்சுக்கிட்டு. என் கண் ராசின்னு ஒரு பொண்ணுகிட்ட பெருமையா சொன்னேனே. ச்சே.

பிப்ரவரி 1

போனேன், வந்தேன். ஒன்பது பேர். "கடல்" வரைக்கும் வந்தது, "போட்டது" வரவில்லை. இருமினேன். ஒருவர் தண்ணீர் பாட்டிலை நீட்டினார்.

பிப்ரவரி 4

படகைக் கரையேற்றிக் கவிழ்த்திருக்கிறார் அத்தான். அடியில் சுண்ணாம்பு ஓட்டோடு கல்போல ஒட்டிக்கொண்ட கடல்பூச்சிகளைச் சுரண்ட வேண்டும். நானும் ஒரு தகட்டை எடுத்துக்கொண்டு எதிர்ப்பக்கம் உட்கார்ந்தேன். நடுவில் படகு, முகம் பார்க்க வேண்டியதில்லை. அதனால்தான் பேசினாரோ என்னவோ.

"நீ வந்த புதுசுல ஒரு நாள் எட்டுப் பேரக் கூட்டிட்டுப் போனோம். ஒருத்தருக்கும் ஒண்ணும் கிடைக்கல. ஞாபகம் இருக்கா?"

இருக்கிறது. என் கணவர் என்னை விட்டுப் போய் அப்போது நாலு மாதம். அச்சகத்தையும் மூடியிருந்தார்கள். அக்கா வற்புறுத்தி என்னை இங்கே அழைத்துவந்த முதல் மாதம். அன்று எல்லாரும் இறங்கிய பிறகும் நான் இறங்கவில்லை. அக்கா வந்து கூப்பிட்டபோது, "நான் எங்க போனாலும் அந்த இடம் காலியாயிடுதுக்கா" என்றேன்.

"அடுத்த நாளே உங்கக்கா சங்கு விளக்கு, சங்கு மாலை விக்கிற கடைக்குப் போயி ஒரு சாக்கு வாங்கிட்டு வந்தா. ஒரே ஒரு தடவைங்க, அவ முகம் கொஞ்சம் தெளியட்டும்னு சொன்னா. நானும் கொண்டுபோய்ப் போட்டேன். அன்னிக்குத் திரும்பி வர்றப்ப உன் குரலே வேறம்மா. எஞ்ஜின் சத்தத்த மீறிப் பேசிட்டு வந்தே. அதுக்கப்புறம் நிறுத்தணும்னு அவளுக்கும் தோணல. எனக்கும் வாய் வரல."

நான் சுரண்டிக்கொண்டே இருந்தேன். பிறகுதான் பார்த்தேன் — ஒரு கையகலத்துக்குப் பெயிண்ட்டையும் சேர்த்துச் சுரண்டியிருந்தேன். அவர் எட்டிப் பார்த்துவிட்டுத் தன் பக்கத்தைச் சுரண்டப் போனார்.

பிப்ரவரி 5

எனக்காக என்று தெரிந்ததும் கோபம் போய்விடும் என்று நினைத்தேன். போகவில்லை. உட்காரும் இடத்தை மாற்றிக்கொண்டிருக்கிறது, அவ்வளவுதான்.

பிப்ரவரி 9

அத்தானிடம் இனி போட வேண்டாம் என்றேன். "அக்காகிட்ட?" என்றார். "நானே சொல்லிக்கிறேன்" என்றேன். சொல்லவில்லை. முதலில் செய்துவிட்டேன்.

படகு கிளம்பியதும் எல்லாரிடமும் சொன்னேன்: இப்போது இங்கே சங்கு ரொம்பக் குறைவு, கிடைத்தாலும் கிடைக்கும், கிடைக்காமலும் போகும். இதுவரை நாங்களே போட்டுவைத்தோம் என்பதைச் சொல்ல வாய் வரவில்லை. பாதி உண்மைதான்.

திட்டில் இருபது நிமிஷம் தேடினார்கள். உடைந்த கிளிஞ்சல், ஒரு சீப்பு, கயிற்றுத் துண்டு. "துறையில வெச்ச போர்டுல கை நிறைய சங்குன்னு போட்டிருக்கீங்களே, எந்தக் கை?" என்றார் ஒரு தொப்பிக்காரர். நியாயமான கேள்வி. எனக்கு அழுகை வரும்போல இருந்தது. யாருக்கும் தெரியக் கூடாதே என்று குத்துக்காலிட்டு உட்கார்ந்து மணலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இருமல் மருந்து மூடி ஒன்று தானாக நகர்ந்தது.

முதலில் கண்ணீரில் அப்படித் தெரிகிறது என்று நினைத்தேன். மறுபடி நகர்ந்தது. அடியிலிருந்து கால்கள். துறவி நண்டு! வயிற்றுப் பக்கம் ஓடு இல்லாத பிராணி அது. காலிச் சங்காகப் பார்த்துக் குடியேறி, வளர வளரப் பெரிய சங்குக்கு மாறிக்கொள்ளும். இதற்குச் சங்கு கிடைக்கவில்லை. மூடியை மாட்டிக்கொண்டு திரிகிறது. நடக்கும்போது முதுகுப்புறம் வெயிலில் சிவந்து தெரிகிறது.

தொப்பிக்காரர்தான் முதலில் மண்டியிட்டார். பிறகு எல்லாரும். கிளம்ப வேண்டும் என்று அத்தான் இரண்டு தடவை குரல் கொடுத்தும் யாரும் எழவில்லை.

கடல் அபூர்வமாகப் போடும் ஒன்றிரண்டு சங்கையும் நாங்கள்தானே பையில் அள்ளிக்கொண்டு போகிறோம், கடையில் வாங்கியதோடு சேர்த்து. அது இன்றுதான் உறைத்தது.

பிப்ரவரி 10

தொப்பிக்காரர் அக்காவிடம் புகார் சொல்லிவிட்டுத்தான் போயிருக்கிறார். அக்கா என்னோடு பேசுவதில்லை. ஒரே மேஜையில் எனக்கு எதிரில் உட்கார்ந்துகொண்டு, "சாம்பார் வேணுமான்னு கேளுங்க" என்கிறாள் அத்தானிடம். "வேணாம்னு சொல்லுங்க" என்கிறேன் நான். "ரெண்டு பேரும் சேர்ந்து என்னக் கொஞ்சம் சாப்பிட விடுங்கன்னு சொல்லுங்க" என்றார் அத்தான், சுவரைப் பார்த்து.

பிப்ரவரி 16

இந்த வாரம் இரண்டு குழுக்கள் வரவில்லை என்று சொல்லிவிட்டார்கள். அக்கா கதவுகளைச் சாத்தும் சத்தத்தில் தெரிந்துகொண்டேன். எனக்கும் உள்ளுக்குள் பயம்தான். படகு நின்றுபோனால் மூன்று பேரும் என்ன செய்வோம்?

பதிவேட்டில் நம்பரைத் தேடி எடுத்துப் பல் டாக்டரைக் கூப்பிட்டேன். நீங்கள் சொன்னது சரி, நாங்கள்தான் போட்டோம், எனக்கு அன்று தெரியாது, ஆனாலும் மன்னிக்கணும் என்றேன். பின்னால் யாருக்கோ பல்லை ராவும் சத்தம் கேட்டது.

"நான் அவகிட்ட சொல்லிட்டேங்க. மனசுல வெச்சுக்க முடியல. ஒரு வாரம் என்னோட பேசல."

"ஐயோ. எங்க மேல கோவமா இருப்பாங்க."

"உங்க மேல இல்ல. அங்கயே சொல்லாம வீட்டுக்கு வந்து சொன்னேனாம். இப்ப மறுபடி வரணும்கிறா. நிஜமா ஒண்ணே ஒண்ணாவது வேணுமாம்."

கிடைக்காமலும் போகலாம் என்றேன். அதையும் சொல்கிறேன் என்றார்.

பிப்ரவரி 24

இதை மறக்கும் முன் முழுதாக எழுதிவிட வேண்டும்.

ஐந்தே பேர். பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வுபெற்ற ஒரு அம்மா, அவருடைய மகள், கல்யாணமான புதுசாக ஒரு ஜோடி, தனியாக வந்த ஒரு வங்கிக்காரர். படகிலேயே முழுதும் சொல்லிவிட்டேன். இங்கே சங்கு இல்லை. இரண்டு வருஷமாக நாங்கள் கடையில் வாங்கிப் போட்டுவைத்தோம். இனிமேல் போடுவதில்லை. சொல்லும்போது யாரையும் பார்க்காமல் தூரத்து மிதவையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். பிறகு கண்டக்டர் அம்மா, "பரவால்ல, டிக்கெட் குடுத்தப்புறமாவது சொன்னீங்களே" என்றார்.

அவருக்குத்தான் அதிர்ஷ்டம் அடித்தது. தண்ணீர் விளிம்பில், எலுமிச்சம்பழம் அளவுக்கு ஒரு சங்கு. பாசி படிந்து, மேலெல்லாம் சுண்ணாம்புப் பொருக்கு. பளபளப்பு என்பது மருந்துக்கும் இல்லை. உள்ளே மணல். நான் கையில் வாங்கி உதறிப் பார்த்தேன். நிஜமான சங்கு எப்படி இருக்கும் என்பதே மறந்துபோயிருந்தது எனக்கு.

பத்தடி தள்ளி அந்த மூடி நண்டு. கூடவே இன்னொன்று, அதைவிடப் பெரியது, பாதி உடைந்த நத்தை ஓட்டில். அதற்கு உடம்பில் பாதி வெளியே. கண்டக்டர் அம்மா அதையும் தன் கையிலிருந்த சங்கையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு சங்கை மணலில் வைத்தார். "பாப்போம்" என்றார்.

பத்து நிமிஷம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு பெரியது வந்தது. வாடகைக்கு வீடு பார்க்க வந்தவர் சுவரைத் தட்டிப் பார்ப்பது போலச் சங்கைச் சுற்றித் தட்டியது. உள்ளே கொடுக்கை விட்டு அளந்தது. மூடி நண்டும் வந்து அதன் பின்னால் நின்றது. அதற்கும் பின்னால் இன்னும் சின்னதாக ஒன்று. வரிசை! யாரும் மூச்சு விடவில்லை. மூடி நண்டு பொறுக்காமல் முன்னால் இருந்ததைத் தள்ள ஆரம்பித்தது. கண்டக்டர் அம்மா, பழக்கம் விடுமா, அதட்டினார்: "எறங்கறவங்க எறங்கட்டும்! அப்புறம் ஏறு!"

அவர் சொல்லி வாய் மூடுவதற்குள் பெரியது ஒரே துள்ளில் புதுச் சங்குக்குள் போய்விட்டது. வெற்று உடம்பு வெயிலில் பட்டது ஒரு நொடி இருக்குமா? அதே வேகத்தில் மூடியிலிருந்தது உடைந்த நத்தை ஓட்டுக்கு மாறியது. கடைசிச் சின்னது மூடியை முகர்ந்து பார்த்துவிட்டு, வேண்டாம் என்று பழைய வீட்டோடே நடந்துவிட்டது. புது ஜோடி ஒருவர் கையை ஒருவர் நசுக்கிக்கொண்டிருந்தார்கள். வங்கிக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

காலி மூடியை எடுத்து என் பையில் போட்டுக்கொண்டேன்.

"அம்மா, உனக்குக் கிடைச்சதே அது ஒண்ணுதான்" என்றாள் மகள்.

"போகட்டும்டி. எனக்கு வீடு இருக்கு."

திரும்பி வரும்போது அத்தான் எஞ்ஜினை மெதுவாகவே விட்டார். வீட்டுக்குப் போனதும், நான் செருப்பைக் கழற்றுவதற்குள், உள்ளே அக்காவிடம் அவர் அத்தனையும் சொல்லிக்கொண்டிருந்தார். "எறங்கறவங்க எறங்கட்டும்" என்பதை மூன்று தடவை நடித்துக் காட்டினார். அக்கா சிரிக்கவில்லை. ஆனால் "அப்புறம்?" என்று கேட்டாள்.

மார்ச் 2

அத்தான் முன்னதாகப் போகாததால் காலையில் திட்டில் ஆள் நடமாட்டமே இல்லை. இன்று நாங்கள் நெருங்கும்போது நாற்பது ஐம்பது ஆலாப் பறவைகள் உட்கார்ந்திருந்தன, எல்லாம் காற்றுக்கு எதிராக முகத்தை வைத்து. இறங்காமல் படகிலிருந்தே பார்த்தோம். இறங்கவில்லையே என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை.

மார்ச் 3

துறையில் இருக்கும் அந்தக் 'கை நிறைய' பலகையை மாற்ற வேண்டும் என்று அத்தான் மூலம் சொல்லியனுப்பினேன். "பலகையத் தொட்டா கைய முறிப்பேன்" என்று அத்தான் மூலம் பதில் வந்தது.

மார்ச் 11

டாக்டர் தம்பதி வந்தார்கள். அந்த அம்மா நேராக அக்கா டிக்கெட் எழுதும் மேஜைக்குப் போனார். நானும் பின்னாலேயே போனேன்.

"அந்தச் சங்கெல்லாம் வாங்கிப் போட்டது நீங்கதானா?"

அக்கா எழுந்து நின்றாள். அவள் யாருக்கும் எழுந்து நிற்பவள் இல்லை. "நான்தாங்க" என்றாள். குரல் கீழே போய்விட்டது.

"எல்லாமே நல்லா பாத்து வாங்கியிருக்கீங்க. ஒண்ணுகூட சோடை இல்ல. எந்தக் கடை?"

டாக்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். அக்கா ஒரு கணம் விழித்தாள். பிறகு சிரித்தாள். மேஜையைப் பிடித்துக்கொண்டு, குலுங்கிக் குலுங்கி, கடைசியில் கண்ணில் தண்ணீர் வந்து நின்றது. சிரித்த தண்ணீர்தானா என்று எனக்குத் தெரியவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "மன்னிச்சுக்குங்க" என்றாள். அந்த அம்மாவிடம்தான் சொன்னாள். பார்த்தது என்னை.

திட்டில் அவருக்கு முழுச் சங்கு ஒன்றும் கிடைக்கவில்லை. ஓரம் உடைந்த ஒரு கிளிஞ்சல் கிடைத்தது. உள்பக்கம் லேசான ஊதா. ஒரு நண்டும் இதை வாங்காது, எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன். கைக்குட்டையில் சுற்றிப் பத்திரப்படுத்திக்கொண்டார். "இதுக்கு மெருகு கிருகு போட்டீங்கன்னா தெரியும் சேதி" என்றார் புருஷனிடம்.

இரவுச் சாப்பாட்டுக்கு அக்கா மாடிப்படியின் கீழே நின்று கூப்பிட்டாள். அவளே. "என்ன, வெத்தல பாக்கு வெச்சு அழைக்கணுமா? எறங்கி வாடி."

சாப்பிடும்போது நான் கேட்டேன். "எங்கிட்ட சொல்லியிருக்கலாம்லக்கா?"

"சொல்லியிருந்தா நீ சிரிச்சிருப்பியா?"

"இன்னும் கொஞ்சம் போடு" என்று தட்டை நீட்டினேன்.

மார்ச் 19

நிலைமை பழையபடி ஆகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். வாரத்தில் இரண்டு நாள் படகு சும்மா நிற்கிறது. அத்தான் அந்த நாட்களில் வலை பின்னுகிறார், படு மோசமாக.

இன்று காலை பாத்திரம் தேய்க்கக் குழாயைத் திறக்கப் போனேன். முன்னறையில் போன் அடித்தது. அக்கா எடுத்தாள். விசாரிக்கிறவர்கள் போல. அவள் குரல் மட்டும் கேட்டது.

"ஆமாங்க, படகுதான்... இல்லீங்க, சங்கு நிச்சயமா கிடைக்கும்னு சொல்ல முடியாது... டால்பினா? அதுவும் அது இஷ்டம்தான்... இல்ல, எதுக்கும் உத்தரவாதம் கிடையாது."

வைத்துவிடுவார்கள் என்று நினைத்தேன். அக்கா மூச்சை இழுத்துவிடும் சத்தம்.

"ஆனா கூட என் தங்கச்சி வருவா. அவ பாட்டுக்கு மணல்ல உக்காந்து பாத்துக்கிட்டே இருப்பா. நீங்களும் பக்கத்துல உக்காந்துக்குங்க. அவ எதையாவது காட்டுவா."

பிறகு, "எத்தன பேருங்க?" என்றாள். பேனாவைத் தேடும் சத்தம் கேட்டது.

குழாயைத் திறக்காமல் அப்படியே நின்றுகொண்டிருந்தேன்.